9 நிமிடம் 17.4 விநாடி

போன டிசம்பரில் ஒரு சனிக்கிழமை இரவு ஒன்றரை மணிக்கு நான் யுவான் மானுவேல் ஃபாஞ்சியோவைத் தோற்கடித்தேன்.

ஐந்து முறை உலக சாம்பியன் ஆன அர்ஜென்டினாக்காரர். 1957இல் ஜெர்மனியின் நூர்பர்க்ரிங் பாதையில், மசராட்டி 250எஃப் காரில், ஒரு சுற்றை 9 நிமிடம் 17.4 விநாடியில் முடித்தார். கார் பந்தய வரலாறு எழுதுகிறவர்கள் திரும்பத் திரும்ப வந்து நிற்கிற எண் அது. நான் அதே காரில், அதே நூர்பர்க்ரிங்கில், 9 நிமிடம் 11 விநாடி. ஆறு விநாடி குறைவு. எழுந்து நின்று கத்தியிருப்பேன், பக்கத்து அறையில் அப்பா தூங்கிக்கொண்டிருந்தார்.

கார் இருந்தது கம்ப்யூட்டருக்குள். மேசை விளிம்பில் இறுக்கி மாட்டிய செகண்ட் ஹேண்ட் ஸ்டீயரிங், பின்னால் நகராமல் இருக்கச் சுவரோடு முட்டுக்கொடுத்து வைத்த மூன்று பெடல், ஆபீஸ் நாற்காலி. சாஃப்ட்வேர், அசெட்டோ கோர்சா என்கிற இத்தாலிய ரேஸிங் சிமுலேட்டர். இதை கேம் என்று சொன்னால் ஓட்டுகிறவர்களுக்குக் கோபம் வரும், எனக்கும் வரும். காரின் எடை எங்கே இருக்கிறது, எந்த டயரில் எவ்வளவு பாரம் என்பதையெல்லாம் விநாடிக்கு நூற்றுக்கணக்கான தடவை கணக்குப் போட்டு, அதன் விளைவைக் கையிலிருக்கும் ஸ்டீயரிங்கில் உதறலாகக் கொடுக்கிற விஷயம் இது.

ஒரு வாரம் பெருமையாக இருந்தேன். அப்புறம் அந்த எண் எப்படி வந்தது என்று பார்க்க ஆரம்பித்தேன். தொழில் புத்தி. ஒரு ரிசல்ட் எதிர்பார்த்ததைவிட நன்றாக வந்துவிட்டால் சந்தோஷப்படக் கூடாது, லாகைத் திறந்து பார்க்கணும் என்று பதிமூன்று வருட வேலை கற்றுக்கொடுத்திருக்கிறது. இந்தக் கட்டுரையை அந்த லாக் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

*

முதலில் கார்.

250எஃப் முன்னால் இன்ஜின் வைத்த கார். நீளமான மூக்கு, அதற்குள் 2.5 லிட்டர், வரிசையாக ஆறு சிலிண்டர். அங்கிருந்து ஒரு தண்டு ஓட்டுநரைக் கடந்து பின்னால் போய், பின்அச்சோடு சேர்ந்திருக்கும் கியர்பாக்ஸைச் சுழற்றும். எரிபொருள் டேங்க் வாலில். இரண்டுக்கும் நடுவே, பின்சக்கரங்களுக்குச் சற்றே முன்னால், மனிதர். சீட் பெல்ட் கிடையாது. ஃபாஞ்சியோ அரைக்கைச் சட்டையோடு ஓட்டுவார்.

முன்சக்கரம் திரும்பும், பின்சக்கரம் தள்ளும். அம்பாசிடரும் இதே ஏற்பாடுதான். அப்பா ஒரு கம்பெனிக்கு இருபத்திரண்டு வருடம் ஓட்டிய வண்டி அது. ஆனால் அம்பாசிடரில் ஏறக்குறைய 50 குதிரைசக்தி. 1957ஆம் வருட 250எஃபில் சுமார் 270. எடையோ அம்பாசிடரில் பாதிக்குக் கொஞ்சம் மேல். இவ்வளவு சக்தியையும் தரையில் இறக்குவது இன்றைய கண்ணுக்கு மோட்டார் சைக்கிள் டயர் மாதிரி தெரியும் ஒல்லியான டயர்கள்.

அந்த டயரைப் புரிந்துகொள்ளாமல் இந்தக் காரை ஓட்ட முடியாது. இன்றைய ரேடியல் டயர் கெட்டியாகப் பிடித்துக்கொண்டே இருந்துவிட்டு, எல்லை தாண்டியதும் சட்டென்று விட்டுவிடும். அன்றைய குறுக்கு இழை டயர் சீக்கிரமே வழுக்க ஆரம்பிக்கும், ஆனால் நிதானமாக வழுக்கும். சொல்லிவிட்டு வழுக்கும் என்றுகூடச் சொல்லலாம். அதனால் அந்தத் தலைமுறை ஓட்டுநர்கள் வழுக்கலையே ஓட்டும் முறையாக ஆக்கிக்கொண்டார்கள். வளைவுக்கு முன்பே காரைக் கொஞ்சம் பக்கவாட்டில் திருப்பி விடுவது, நான்கு சக்கரமும் சேர்ந்து நழுவும்போது ஆக்சிலரேட்டரைக் கூட்டிக் குறைத்துத் திசை பிடிப்பது.

ஃபாஞ்சியோவின் பழைய புகைப்படங்களில் கார் இடப்பக்கம் வளைந்துகொண்டிருக்கும், முன்சக்கரங்கள் வலப்பக்கம் பார்க்கும். கல்லூரி நாளில் அதைப் பார்த்துவிட்டு, ஏதோ விபத்திலிருந்து தப்பிக்கிறார் என்று நினைத்திருந்தேன். சிமுலேட்டரில் இரண்டு வாரம் பம்பரமாகச் சுற்றிச் சுற்றி விழுந்த பிறகுதான் தெரிந்தது, அவர் தப்பிக்கவெல்லாம் இல்லை, சாதாரணமாக வளைவில் திரும்பிக்கொண்டிருக்கிறார். எந்தப் புத்தகமும் எனக்கு இதைப் புரியவைத்திருக்காது. சிமுலேட்டருக்கு நான் பட்ட கடன் அது.

ஒரு சின்ன விஷயம். மசராட்டி தொழிற்சாலையிலிருந்து வந்த 250எஃபில் கிளட்ச் இடதுபக்கம், ஆக்சிலரேட்டர் நடுவில், பிரேக் வலதுகோடியில். ஸ்டெர்லிங் மோஸ் தன்னுடைய காரில் அதை வழக்கமான வரிசைக்கு மாற்றி வைத்துக்கொண்டார். ஃபாஞ்சியோவுக்கு நடு ஆக்சிலரேட்டர் பழக்கம். நான் ஒருநாள் செட்டிங்ஸில் பெடல்களை மாற்றி அப்படி ஓட்டிப் பார்த்தேன். முதல் வளைவில் பிரேக் என்று நினைத்து ஆக்சிலரேட்டரை முழுதாக மிதித்தேன். மறுபடி பழையபடி மாற்றி வைத்துவிட்டேன். ஆக, ‘அதே கார்’ என்பதிலேயே ஒரு திருத்தம் விழுந்தது.

*

இரண்டாவது, அந்தப் பந்தயம்.

1957 ஆகஸ்ட் 4. ஜெர்மன் கிராண்ட் பிரீ, 22 சுற்று, 500 கிலோமீட்டர். ஃபாஞ்சியோவுக்கு வயது 46. எதிரே ஃபெராரியில் இரண்டு இங்கிலாந்து இளைஞர்கள், மைக் ஹாதார்ன், பீட்டர் காலின்ஸ். ஃபெராரிகள் கெட்டியான எங்கல்பெர்ட் டயரில், டேங்கை நிரப்பிக்கொண்டு, நிற்காமல் ஓடி முடிக்கத் திட்டமிட்டார்கள். மசராட்டியின் பிரெல்லி டயர் மென்மையானது, முழு தூரம் தாங்காது. எப்படியும் நின்று டயர் மாற்ற வேண்டும். அப்படியானால் பாதி டேங்கோடு கிளம்பலாம், கார் இலகுவாக இருக்கும், நிற்பதற்கு முன் அரை நிமிடம் முன்னிலை எடுத்துவிடலாம். ஃபாஞ்சியோவின் கணக்கு அது.

கணக்கு கிட்டத்தட்டச் சரியாகவே வந்தது. 12 சுற்று முடிந்து அவர் நின்றபோது அரை நிமிடத்துக்குச் சற்றே குறைவான முன்னிலை. ஆனால் டயர் மாற்றுவதில் சொதப்பல். சக்கர நட் ஒன்று உருண்டு காருக்கு அடியில் போய்விட்டது என்று சொல்வார்கள். திரும்பக் கிளம்பியபோது முக்கால் நிமிடம் பின்தங்கியிருந்தார். மிச்சம் 10 சுற்று.

அதற்கு முந்தைய வருடம் அதே பாதையில் அவரே வைத்த பந்தயச் சாதனை 9 நிமிடம் 41.6 விநாடி. இந்த வருடத் தகுதிச் சுற்றில் தனியாக ஓட்டி எடுத்த முதலிடம் 9 நிமிடம் 25.6. பந்தயத்தின் கடைசிப் பகுதியில், கூட்டத்துக்கு நடுவே, தேய்ந்துகொண்டிருக்கும் டயரில், அவர் சாதனையை மறுபடி மறுபடி உடைத்தார். அதன் உச்சம்தான் 9 நிமிடம் 17.4. வழக்கமாக இரண்டாவது கியரில் போகும் வளைவுகளை மூன்றாவதிலும், மூன்றாவதில் போவதை நான்காவதிலும் எடுத்தார். 21ஆவது சுற்றில் இரண்டு ஃபெராரிகளையும் கடந்தார். 3.6 விநாடி வித்தியாசத்தில் ஜெயித்தார். ஐந்தாவது சாம்பியன் பட்டம் அங்கேயே முடிவானது. அவருடைய 24ஆவது கிராண்ட் பிரீ வெற்றி. அதுவே கடைசி வெற்றியும்.

இப்படி வாழ்க்கையில் ஒருபோதும் ஓட்டியதில்லை, இனி ஓட்டவும் விரும்பவில்லை என்ற அர்த்தத்தில் அவர் பிற்காலத்தில் பலமுறை பேசினார். அடுத்த கோடையில் ஓய்வு பெற்றார்.

அவர் மட்டுமில்லை, அந்த வகைக் காரும் சீக்கிரமே ஓய்வு பெற்றது. ஐந்து மாதம் கழித்து, 1958 ஜனவரியில், அர்ஜென்டினாவில் மோஸ் ஒரு குட்டி கூப்பர் காரில் ஜெயித்தார். இன்ஜின் ஓட்டுநருக்குப் பின்னால் இருந்த கார். நீண்ட தண்டு தேவையில்லை, எடை குறைவு, பாரம் நடுவில் குவிந்திருப்பதால் சட்டென்று திரும்பும். வண்டியை மாடு இழுக்கணுமே தவிர தள்ளக் கூடாது என்கிற மாதிரி என்ஸோ ஃபெராரி வாதாடியதாகக் கதை உண்டு. ஆனால் 1960 செப்டம்பரில் மோன்ஸாவில் ஃபில் ஹில் ஓட்டிய ஃபெராரிதான் முன்இன்ஜின் வைத்துச் சாம்பியன்ஷிப் கிராண்ட் பிரீ ஜெயித்த கடைசிக் கார். நூர்பர்க்ரிங்கின் அந்த மதியம் நடந்ததெல்லாம் ஒரு தொழில்நுட்பத்தின் சாயங்காலத்தில்.

*

மூன்றாவது, சாஃப்ட்வேர். இது என் ஏரியா.

சிமுலேட்டர் எழுதுகிறவர்களுக்குப் பெரிய தலைவலி டயர். இன்ஜினைக் கணக்கிடலாம், சஸ்பென்ஷனை அளக்கலாம். டயர் என்பது ரப்பர், இழை, காற்று, சூடு எல்லாம் சேர்ந்து நொடிக்கு நொடி மாறும் ஒன்று. நெதர்லாந்தின் டெல்ஃப்ட் பல்கலைக்கழகத்தில் ஹான்ஸ் பசேகா 1980களில் சக ஆய்வாளர்களோடு உருவாக்கிய ஒரு சமன்பாடு உண்டு. உலகம் முழுக்க வாகனப் பொறியாளர்கள் பயன்படுத்துவது. அதன் பெயரே ‘மேஜிக் ஃபார்முலா’. அது எந்த இயற்பியல் விதியிலிருந்தும் பிறந்ததில்லை. டயரைச் சோதனை இயந்திரத்தில் ஓட்டி அளந்தால் ஒரு வளைகோடு கிடைக்குமில்லையா, அந்தக் கோட்டின்மேல் கச்சிதமாக உட்காரும்படி கட்டிய சமன்பாடு. குணகங்களை மாற்றினால் வேறு டயருக்கும் உட்காரும். அளந்த டேட்டா இருக்கும்வரை பிரமாதமாக வேலை செய்யும்.

1957 பிரெல்லி டயரை இன்று எப்படி அளப்பது? பழைய ரப்பர் கல்லாகியிருக்கும். அதே வடிவத்தில் புதிதாகச் செய்தால் கலவை வேறாக இருக்கும்.

அந்தக் காரை மாடல் பண்ணும் வேலையை என்னிடம் கொடுத்தால் என்ன செய்வேன் என்று யோசித்தேன். பழைய படங்களில் கார் எவ்வளவு சாய்கிறது, எவ்வளவு கோணத்தில் வழுக்குகிறது என்று பார்ப்பேன். பழைய கார் ஓட்டுகிறவர்களிடம் கேட்பேன். கடைசியில், வேறு வழியில்லாமல், சுற்று நேரத்தை எடுத்துக்கொள்வேன். நல்ல ஓட்டுநர் ஒருவரை உட்காரவைத்து, அவர் 8 நிமிடத்தில் சுற்றினால் டயரின் பிடிப்பைக் குறைப்பேன், 11 ஆனால் கூட்டுவேன். வரலாற்றோடு ஒத்துப்போகும் இடத்தில் நிறுத்துவேன். அசெட்டோ கோர்சாக்காரர்கள் இப்படித்தான் செய்தார்கள் என்று சொல்லவில்லை. நானாக இருந்தால் எனக்கு வேறு வழி இருந்திருக்காது, அவ்வளவுதான்.

இதில் உள்ள சிக்கல் நம் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்தது. ஃபாஞ்சியோவின் நேரத்தை உள்ளே போட்டுச் சரிசெய்த மாடல், ஃபாஞ்சியோவின் நேரத்துக்குப் பக்கத்தில் ஒன்றை வெளியே தருவதில் என்ன ஆச்சரியம்? கேள்வித்தாளை வைத்தே படித்துவிட்டுப் பரீட்சை எழுதின மாதிரி.

*

நான்காவது, பாதை. இங்கேதான் எனக்கு நிஜமாகவே வெட்கமாகப் போனது.

சிமுலேட்டரில் இருக்கும் நூர்பர்க்ரிங் லேசரால் அளந்து எடுத்தது. சாலையின் ஒவ்வொரு மேடும் ஒட்டும் அப்படியே இருக்கும். ஆனால் அளந்தது இன்றைய சாலையை. 1927இல் ஐஃபெல் மலைக்காட்டுக்குள் திறந்த பாதை அது. 1957இல் பெரும்பாலும் ஓரத்தில் வேலியே கிடையாது. புதர், பள்ளம், மரம். 1970, 71இல் பாதையைத் திருத்தி, மேடுகளைச் சமப்படுத்தி, ஓரத்தைச் சுத்தப்படுத்தி, இரும்புத் தடுப்பு போட்டார்கள். நான் ஓட்டும் சாலை ஃபாஞ்சியோ பார்க்காத சாலை.

அதைவிட மோசம், நீளம். இன்றைய நார்ட்ஷ்லைஃபெ 20.8 கிலோமீட்டர். 1957இல் ஒரு சுற்று 22.8 கிலோமீட்டர். ஆரம்பக் கோட்டைச் சுற்றியிருந்த பகுதி 1980களில் புதுப் பாதை கட்டியபோது போய்விட்டது. ஃபாஞ்சியோவின் சுற்றில் சராசரி வேகம் மணிக்கு 147 கிலோமீட்டர். அந்த வேகத்திலேயே போனாலும் அந்த 2 கிலோமீட்டருக்கு 49 விநாடி ஆகும். என் 9:11ஓடு கூட்டினால் சரியாக 10 நிமிடம்.

ஆறு விநாடி முன்னால் இருந்தவன் நாற்பத்திரண்டு விநாடி பின்னால் போய்விட்டேன். அதுவும் மேடு சமப்படுத்திய சாலையில். இதைக் கண்டுபிடிக்க ஒரு வகுத்தல் போதும். ஒரு வாரமாக நான் அதைப் போடவில்லை, ஏனென்றால் எனக்குப் பிடித்த விடை ஏற்கெனவே கையில் இருந்தது.

*

இதோடு முடிந்திருக்கும். ஆனால் ஒரு ஞாயிறு காலையில் அப்பா காபி டம்ளரோடு பின்னால் வந்து நின்றார்.

நான் வேர்ஸைஃபன் என்கிற இடத்துக்கு வந்துகொண்டிருந்தேன். ஆடெனாவ் ஊர்ப் பாலத்தை நோக்கிச் சாலை செங்குத்தாக இறங்கும், இறக்கத்திலேயே இடப்பக்கம் இறுக்கமாகத் திரும்பும். பிரேக் பிடித்தால் பாரமெல்லாம் முன்னால் போய் வால் லேசாகிவிடும், பிடிக்காவிட்டால் திரும்பாது. கார் வெளியே போய் மோதியது. எஸ்கேப், ரீஸ்டார்ட். மறுபடி வந்தேன். மறுபடி மோதினேன். எஸ்கேப்.

“எத்தனாவது தடவைடா இது?” என்றார்.

“தெரியலப்பா. ஒண்ணும் ஆகாது. இத அமுக்கினா வண்டி புதுசாயிடும்.”

“உனக்கு?”

“எனக்கு என்ன?”

ஒரு வாய் குடித்துவிட்டு, “அப்புறம் எதுக்கு பிரேக் வச்சிருக்கான்?” என்று கேட்டுவிட்டுப் பேப்பர் படிக்கப் போய்விட்டார்.

அந்த வளைவைப் பற்றி ஏற்கெனவே படித்திருந்தேன், மறந்திருந்தேன். 1954 ஜூலை 31, ஜெர்மன் கிராண்ட் பிரீக்கான பயிற்சியின்போது ஓனோஃப்ரே மரிமோன் என்ற 30 வயது அர்ஜென்டினா ஓட்டுநர் அங்கே சாலையை விட்டு விலகிச் சரிவில் கவிழ்ந்து இறந்தார். அவர் ஓட்டியது மசராட்டி 250எஃப். நான் எஸ்கேப் அமுக்கிக்கொண்டிருந்த அதே கார், அதே வளைவு.

மரிமோன், ஃபாஞ்சியோவின் சிஷ்யப்பிள்ளை மாதிரி. அவருடைய அப்பா தோமிங்கோ மரிமோனும் பந்தய ஓட்டுநர். 1948இல் புவனோஸ் ஐரிஸிலிருந்து கராகஸ் வரை நடந்த நெடும் பந்தயத்தை ஜெயித்தவர். அதே பந்தயத்தில் பெருவில் ஃபாஞ்சியோவின் கார் உருண்டு, கூட வந்த தானியேல் உர்ருத்தியா இறந்துபோனார். 1952இல் மோன்ஸாவில் ஃபாஞ்சியோவுக்கே கழுத்தெலும்பு முறிந்து, மிச்ச வருடம் படுக்கை. மரிமோன் இறந்த மறுநாள் பந்தயம் நடந்தது. நண்பர் கோன்ஸாலஸால் தாங்க முடியவில்லை, பாதியில் காரை ஹாதார்னிடம் கொடுத்துவிட்டு இறங்கினார். ஃபாஞ்சியோ மெர்சிடீஸில் ஓட்டி ஜெயித்தார்.

இவ்வளவையும் வைத்துக்கொண்டுதான் மூன்று வருடம் கழித்து அந்த மனிதர் வேர்ஸைஃபனை 22 தடவை கடந்தார். அதில் கடைசிப் பத்துத் தடவை எப்படிக் கடந்தார் என்பதைத்தான் நாம் 17.4 என்று சொல்கிறோம்.

அன்று சாயங்காலம் என் பழைய செஷன்களைத் திறந்து எண்ணினேன். 9:11 கிடைப்பதற்கு முன் 143 ரீஸ்டார்ட். ஒருவன் 143 முறை செத்து, சாகாத ஒரு தடவையை மட்டும் எடுத்துக் காட்டுகிற நேரம் அது.

*

ஒரு விதி வைத்துக்கொண்டேன். ஞாயிற்றுக்கிழமை ஒரே ஒரு சுற்று. சாலையை விட்டு வெளியே போனால் கம்ப்யூட்டரை அணைத்துவிட வேண்டும், ஒரு மாதம் தொடக் கூடாது. சிரிப்பாகத்தான் இருக்கும், ஆனால் வேறு எதைப் பணயம் வைப்பது?

முதல் ஞாயிறு, கிளம்பி ஒரு நிமிடத்துக்குள், ஹாட்ஸன்பாக் வளைவுகளில் வெளியே போனேன். ஒரு மாதம் சும்மா இருந்தேன். அடுத்தது, 10 நிமிடம் 26 விநாடி. அதற்கடுத்தது 10:14. அப்புறம் 10:08. அதற்குக் கீழே போக முடியவில்லை. ஒவ்வொரு வளைவுக்கும் முன்னால் என் வலதுகால் கொஞ்சம் முந்தியே பிரேக்குக்குப் போய்விடுகிறது. அதே கார், அதே டயர் மாடல், அதே 20.8 கிலோமீட்டர். ஒரு மாதம் விளையாட முடியாது என்கிற அற்பத் தண்டனைக்குப் பயந்து 57 விநாடி.

என் எந்தச் சுற்றையும் ஃபாஞ்சியோவின் சுற்றோடு ஒப்பிட முடியாது என்று மேலே இவ்வளவு எழுதிவிட்டேன். ஆனால் என்னை என்னோடு ஒப்பிடலாம், அவரை அவரோடு ஒப்பிடலாம். இழக்க ஏதோ இருக்கிறது என்றதும் நான் 57 விநாடி மெதுவானேன். அவர், பட்டம் கையை விட்டுப் போகும் என்ற நிலையில், தனியாக ஓட்டி எடுத்த நேரத்தைவிட 8.2 விநாடி வேகமானார். சீட் பிடிப்பு விட்டுப்போய் ஆடிக்கொண்டிருந்தது என்பார்கள், முழங்காலை முட்டுக்கொடுத்து ஓட்டினாராம். அதைத் துணிச்சல் என்று சொல்லிவிட எனக்கு மனமில்லை. அவரே பிறகு அதை நினைத்துப் பயந்தவர். அன்று அவர் விரட்டிப் பிடித்த இருவரில் காலின்ஸ், அடுத்த வருடம் 1958 ஆகஸ்ட் 3, அதே நூர்பர்க்ரிங்கின் ஃபிளான்ஸ்கார்டனில் விபத்துக்குள்ளாகி இறந்தார். அந்த வருடம் சாம்பியன் ஆன ஹாதார்ன் உடனே பந்தயத்தை விட்டார், மூன்று மாதத்தில், 1959 ஜனவரியில், இங்கிலாந்தில் சாதாரண சாலையில் விபத்தில் போனார். ஃபாஞ்சியோ 84 வயது வரை இருந்தார்.

9:11 இன்னும் கம்ப்யூட்டரில் இருக்கிறது. அழிக்கவில்லை. ஞாயிறு சுற்றும் தொடர்கிறது. போன வாரம் நான் ஆடெனாவ் இறக்கத்துக்கு வரும்போது அப்பா பின்னால் வந்து நின்றது தெரிந்தது. வேர்ஸைஃபனுக்கு நன்றாக முன்னாலேயே பிரேக் பிடித்து, கியர் குறைத்து, மெதுவாகத் திருப்பி, பாலத்தைக் கடந்தேன்.

“ம்” என்றார்.

அந்தச் சுற்று 10 நிமிடம் 21 விநாடி.